குழறலும் இரட்டலும்: ஆந்தைகளைச் செவியால் அறிந்த வரலாறு

தொல்காப்பியத்தின் மரபியல், விலங்குகளுக்கும் பறவைகளுக்கும் வழங்கும் ஆண்பாற் பெயர், பெண்பாற் பெயர், இளமைப் பெயர் ஆகியவற்றை வகுத்துச் சொல்லி வரும்போது, மரத்தில் பயிலும் கூகையைக் கோட்டான் என்பதும், கிளியைத் தத்தை என்பதும், காட்டுப் பூனையாகிய வெருகைப் பூசை என்பதும் வழக்கில் நிலைத்துவிட்டமையால் அவற்றை விலக்க வேண்டியதில்லை என்று ஒரு நூற்பாவில் இசைவு தருகிறது. கோடு என்ற சொல் மரக்கிளையையும் விலங்கின் கொம்பையும் ஒருசேரக் குறிப்பதால், கோட்டான் என்பதற்குக் கிளையில் அமர்வது என்றும், தலையில் கொம்புபோல் இறகு நிமிர்ந்தது என்றும் இருவகையாகப் பொருள்கொள்ள இடமுண்டு. ஆனால் கூகை என்ற பெயருக்கு அத்தகைய ஐயம் எழுவதில்லை, ஏனெனில் அது அப்பறவை எழுப்பும் ஒலியிலிருந்தே பிறந்த பெயர். காகம், குயில் ஆகியவற்றின் பெயர்களும் இவ்வாறு ஒலியிலிருந்து அமைந்தவையே என்றாலும், அவை பகலில் கண்முன் திரிபவை. ஆந்தை இனமோ இருட்டில் இயங்குவது. அதை ஊரார் அறிந்ததெல்லாம் பெரும்பாலும் காதால் அறிந்ததே. அதனால் இவ்வினத்தைப் பற்றிய தமிழரின் பழைய அறிவைத் தேடுவோர் நிறத்தையும் வடிவத்தையும் விட ஒலியைக் குறிக்கும் வினைச்சொற்களையே முதலில் பார்க்க வேண்டியிருக்கிறது.

சங்கப் பாடல்களில் இவ்வினத்துக்கு வழங்கும் முதன்மையான பெயர்கள் கூகை, குடிஞை என்ற இரண்டும். கூகையின் பெடையைக் குறிக்கக் குரால் என்ற சொல்லும் உண்டு. ஆந்தை என்ற வடிவம் அப்பாடல்களில் பெரும்பாலும் ஆட்பெயராகவே வருகிறது. பிசிர் என்னும் ஊரினரான பிசிராந்தையாரின் பெயரிலும், பூதப்பாண்டியனின் நண்பர்களுள் ஒருவனாகப் புறநானூறு குறிப்பிடும் எயில் ஆந்தையின் பெயரிலும் உள்ள ஆந்தை, பறவையைக் குறித்ததன்று. ஆதன் என்பதோடு தந்தை சேர்ந்து ஆந்தை எனத் திரியும் என்று தொல்காப்பிய எழுத்ததிகாரம் விதி கூறுகிறது. கோப்பெருஞ்சோழனுக்காக உயிர் நீத்த புலவர் பிசிராந்தையாரின் பெயரில் இரவுப் பறவையைக் காண்போர் இன்றும் உள்ளமையால் இதைச் சொல்ல வேண்டியதாகிறது. பறவையின் பெயரைத் தன் பெயராகப் பெற்ற புலவர் ஒருவர் உண்மையில் உண்டு, அவர் கூகைக்கோழியார். புறநானூற்றின் 364ஆம் பாடலில் முதுமக்கள் தாழி புதைத்த இடுகாட்டையும் அங்கே ஒலிக்கும் கூகைக்கோழியையும் பாடியதால் இயற்பெயர் மறைந்து அப்பெயரே அவருக்கு நிலைத்தது.

இனி ஒலிகளைப் பார்க்கலாம். கூகைக்குச் சங்கப் புலவர் மீண்டும் மீண்டும் தரும் வினை குழறுதல். குடிஞைக்குத் தருவது இரட்டுதல். குழறுதல் என்பது நாத் தடுமாறியது போல, சொல்லாக உருப்பெறாமல் நடுங்கி இழையும் குரல். காய்ச்சலில் பிதற்றுபவரின் பேச்சைக் குழறல் என்று இன்றும் சொல்கிறோம். இரட்டுதல் என்பது ஒன்றையடுத்து ஒன்றாக, விட்டுவிட்டு, இணையிணையாக எழும் ஒலி. முரசும் மணியும் இரட்டும். இவ்விரு வினைகளும் தற்செயலாக வந்தமைந்தவை என்று தோன்றவில்லை. கூகையைச் சொல்லுமிடத்தில் ஊரும் பழமரமும் வீட்டெலியும் சூழலாக அமைய, குடிஞையைச் சொல்லுமிடத்தில் மலைப்பிளவும் வறண்ட வழியும் அமைவது, இரண்டையும் வெவ்வேறு பறவையாகவே புலவர்கள் கேட்டனர் என்ற எண்ணத்தை வலுப்படுத்துகிறது. பிற்கால நிகண்டுகள் செய்யுளுக்கு உதவுவதற்காக இப்பெயர்களையெல்லாம் ஒருபொருள் குறித்த பல சொற்களாக அடுக்கிவிட்டமையால் இவ்வேறுபாடு மங்கிப்போயிற்று.

குடிஞையை இன்றைய பறவையியலின் துணைகொண்டு அடையாளம் காண்பது ஓரளவு எளிது. அகநானூற்றின் 89ஆம் பாடல், மழை பொய்த்த பாலை நிலத்தில், புல் சாய்ந்து கிடக்கும் பாறைப் பிளவு தனிமையில் அதிரும்படி குடிஞைச் சேவல் குரலெழுப்புவதையும், அது மலையில் கல்லை எறியும் ஓசை போல இரட்டுவதையும் காட்டுகிறது. அதே தொகையின் 19ஆம் பாடல் அக்குரலை, துடி என்னும் சிறுபறையின் தோலில் உருட்டி எழுப்பப்படும் மகுளி என்ற முழக்கத்துக்கு ஒப்பிட்டு, பொருள் தெரிந்து பேசுவது போல அது ஒலிப்பதாகச் சொல்கிறது. மலைபடுகடாமும் குடிஞை இரட்டும் நெடிய மலைச்சரிவைக் கூறுகிறது. இன்று கொம்பன் ஆந்தை என்று தமிழ்ப் பறவை நூல்கள் குறிக்கும் பேராந்தை, பாறை வெடிப்பிலும் ஓடைக்கரையின் மண்சரிவிலும் கற்சுரங்கத்தின் விளிம்பிலும் தங்குவது. கூடு கட்டாமல் பாறைத் திட்டில் வெறுந்தரையிலேயே முட்டையிடுவது. அந்தி மங்கியதும் உயர்ந்த கல்லின் உச்சியில் வந்தமர்ந்து, முதல் ஒலி குறுகியும் அடுத்த ஒலி நீண்டும் ஓங்கியும் அமைய, ‘பு... பூஉ’ என்று இரட்டை ஒலியாக முழங்குவது. அவ்வொலி உரத்துக் கேட்பதில்லை, ஆயினும் ஆழ்ந்த தொனியுடையதாகையால் நெடுந்தூரம் செல்லும். பாறையில் பட்டுத் திரும்பும்போது எந்தத் திசையிலிருந்து வருகிறது என்று தெரியாமல் கேட்பவரைக் குழப்பும். கல்லெறி ஓசை என்ற உவமையின் பொருத்தம் அத்தகைய குன்றடிகளில் ஒரு மாலைப் பொழுது நின்றவர்க்கே முழுதாக விளங்கும்.

கூகையின் அடையாளம் இத்துணைத் தெளிவாக இல்லை. இக்காலப் பறவைப் பட்டியல்கள் கூகை, வெண்கூகை என்ற பெயர்களை, இதய வடிவ வெள்ளை முகமும் பொன்னிற முதுகும் கொண்டு, கோயிற் கோபுரத்திலும் பாழ்மண்டபத்திலும் பரண்களிலும் வாழும் ஆந்தைக்கு வழங்குகின்றன. இரவில் ஒலியின்றி மிதந்து செல்லும் அதன் வெண்ணிற அடிவயிறும், வீட்டெலியை அது பெரிதும் உண்பதும் இவ்வழக்குக்கு ஆதரவாகும். அகநானூற்றின் 122ஆம் பாடலில் பரணர், இரவுக்குறிக்கு, அதாவது காதலர் இரவில் சந்திப்பதற்கு, நேரும் இடையூறுகளை அடுக்கும்போது, நாய் உறங்கினால் நிலவு எறிப்பதையும், நிலவு மறைந்தால் இல்லத்து எலியை உணவாகக் கொள்ளும் கூகை குழறுவதையும், கூகை ஓய்ந்தால் கோழி கூவுவதையும் தலைவியை முறையிடச் செய்கிறார். ஆனால் வெண்கூகை குழறுவதே இல்லை. அதன் தொண்டையில் ‘கூ’ என்ற ஒலிக்கு இடமில்லை. அது நீண்டு கரகரத்துக் கிறீச்சிடும், கூட்டருகே ஆள் வந்தால் பாம்புபோல் சீறும், பசித்த குஞ்சுகள் குறட்டை விடுவது போல இடைவிடாமல் இழுத்து ஒலிக்கும். குழறும் கூகைக்குப் பொருத்தமானது வேறொன்று: ஊரோரப் புளிய மரத்திலும் மாந்தோப்பிலும் ஆலமரத்திலும் இணையாகத் தங்கி, எலியையும் அணிலையும் பிடித்துண்டு, பொழுது சாய்ந்ததும் நடுங்கித் துவளும் குரலில் ‘சுஹூவ்வா...ஆ’ என்று ஒலிக்கும், உடல் முழுதும் வரியும் பொறியும் விரவிய மர ஆந்தை. நற்றிணை 83ஆம் பாடல் காட்டும் இடம் அதற்கு இயல்பாகப் பொருந்துகிறது. ஒரே பெயரால் இரண்டு பறவைகளும் அழைக்கப்பட்டிருக்கலாம் என்பதை மறுக்க முடியாது. எனினும் வினைச்சொல்லை நம்புவதென்றால் பழைய கூகை மர ஆந்தையாகவே இருத்தல் வேண்டும்.

அந்த நற்றிணைப் பாடலின் அமைப்பைச் சற்று விரிவாகவே காணத் தகும். பெருந்தேவனார் பாடியதாக உள்ள அதில், தோழி கூகையையே முன்னிலைப்படுத்திப் பேசுகிறாள். ஊர் வாயிலில் குடிநீர்த் துறையை ஒட்டி, தெய்வம் உறையும் முதுமரம்; அதில் ஊராரோடு ஒருங்கு வாழ்ந்து பழகிய கூகை. வளைந்த அலகு, தெளிந்த கண், கூரிய உகிர், பறைபோல் முழங்கும் வாய் என்று அதன் உறுப்புகளை ஒவ்வொன்றாக எண்ணிவிட்டு, ஆட்டிறைச்சி கலந்த நெய்ச்சோற்றையும் சுட்ட எலியையும் நிறையப் படைப்பதாக வாக்களித்து, காதலன் வரும் வேளையில் அச்சமூட்டும் அக்குரலை மட்டும் எழுப்பாதிருக்கும்படி வேண்டுகிறாள். பறவை எங்கே தங்குகிறது, எதை உண்கிறது, எந்த யாமத்தில் ஒலிக்கிறது என்ற மூன்றும் தெரிந்த ஒருத்தியின் பேச்சு இது. இதில் வரும் அச்சம், தாய் விழித்துக்கொள்வாளோ என்பதும் காதலனின் வரவு தடைப்படுமோ என்பதும்தான். பறவையைச் சாவின் தூதனாகக் கருதும் எண்ணம் பாடலில் எங்கும் இல்லை. குறுந்தொகை 153இல் கபிலர் காட்டும் தலைவியும், குன்றத்துக் கூகை குழறினாலும் முற்றத்துப் பலாவில் ஆண்குரங்கு தாவினாலும் அஞ்சிய தன் நெஞ்சு, இப்போது இருட்டில் அவன் பின்னே மலைச்சரிவில் சென்றுவிட்டதே என்றுதான் வியக்கிறாள். நற்றிணை 319 இன்னும் நுட்பமானது. கடற்கரைப் பட்டினம் ஒன்று உறங்கும் நள்ளிரவில், கூகைச் சேவல் தன் பெடையாகிய குராலோடு ஏறியமர்ந்து இருண்ட நாற்சந்தியில் குழறுவதை அப்பாடல் சொல்கிறது. ஆந்தைகளில் ஆணும் பெண்ணும் மாறி மாறிக் குரல் கொடுப்பதும், உடலில் பெண் பெரிதாக இருந்தும் பல இனங்களில் ஆணின் குரலே தாழ்ந்து ஒலிப்பதும் இக்கால ஆய்வாளர் பதிவுசெய்த செய்திகள். இருளில் இணையைத் தனித்தனியே பெயரிட்டழைத்த புலவர் அதைக் காதாலேயே பிரித்திருக்க வேண்டும்.

அதே காலத்துப் புறப்பாடல்களில் இப்பறவை சுடுகாட்டுக்கு இடம்பெயர்கிறது. புறநானூறு 240இல் ஆய் அண்டிரனின் இறப்பைப் பாடும் குட்டுவன் கீரனார், கள்ளி படர்ந்த களரில், மரப்பொந்திலிருக்கும் கூகை ‘சுட்டுக்குவி’ என்று சொல்லிச் செத்தோரை அழைப்பதாகக் கூறுகிறார். ஒரு பறவையின் ஒலியைச் சொல்லாக்கி நினைவில் வைப்பது உலகெங்கும் பறவை கேட்போர் கையாளும் முறை. தமிழில் ஆந்தைக் குரலுக்கு அவ்வாறு கிடைக்கும் மிகப் பழைய சான்றுகளுள் ஒன்று இது. குறுகிய இரண்டு அசைகள், பின் இழுபட்டு முடியும் ஓரசை என்ற அதன் நடையை வாய்விட்டுச் சொல்லிப் பார்த்தால் அது குரலின் தாளத்தைப் பிடித்து எழுதப்பட்டது என்பது தெளிவாகும். கரிகாலன் அழித்த பகைவர் ஊர்களைப் பட்டினப்பாலை வருணிக்கும்போது, விழா ஓய்ந்து நெருஞ்சியும் அறுகும் மண்டிய மன்றத்தில் அழுகுரற் கூகையும் ஆண்டலையும் ஒலிக்கின்றன. ஆண்டலை என்பது ஆண்மகனின் தலைபோன்ற தலையுடையது என உரைகாரர் விளக்கும் புள். இரு கண்களும் முன்னோக்கிய தட்டையான முகம் ஆந்தைக்கு மட்டுமே உரியதாகையால், அப்பெயரும் ஏதோ ஓர் ஆந்தையைக் கண்ட வியப்பிலிருந்து எழுந்திருக்கக்கூடும். மணிமேகலையின் சக்கரவாளக் கோட்டம் உரைத்த காதை, புகார் நகரத்துச் சுடுகாட்டின் ஓசைகளை எண்ணும்போது நரியின் ஊளையை அடுத்துக் கூகையின் குரல், குராலின் குரல், ஆண்டலையின் குரல் என்று மூன்றையும் தனித்தனி அடியில் வைக்கிறது. அச்சத்தை ஊட்டுவதற்காகப் பாடப்பட்ட பகுதியிலும் காது மழுங்கவில்லை என்பது கவனிக்கத் தக்கது.

பழக்கங்களைப் பொறுத்தவரை, பழந்தமிழர் மிகுதியாகக் கவனித்தது காக்கைக்கும் கூகைக்கும் உள்ள பகை. பகலில் ஆந்தை வெளிப்பட்டால் காக்கைகள் கூடிச் சூழ்ந்து கத்தி விரட்டும். இரவில் அதே ஆந்தை கூட்டிலுள்ள காக்கையைத் தூக்கிச் செல்லும். திருக்குறளின் காலமறிதல் அதிகாரம் இக்காட்சியுடன்தான் தொடங்குகிறது; பஞ்சதந்திரத்தின் மூன்றாம் தந்திரம் முழுதும் இப்பகையை அடியாகக் கொண்டது; மகாபாரதத்தின் சௌப்திக பருவத்தில் அசுவத்தாமன் ஆலமரத்தில் உறங்கும் காக்கைகளை ஆந்தை கொல்வதைக் கண்டே இரவுத் தாக்குதலுக்குத் துணிகிறான்.

ஊர்ப்புறத்தில் இன்று கேட்கக்கூடிய மற்ற ஆந்தைக் குரல்களையும் இங்கே நிரல்படுத்திச் சொல்லிவிடுவது, மேலே வரலாறாகச் சொன்னவற்றைக் காதோடு பொருத்திப் பார்க்க உதவும். எல்லாவற்றிலும் பழக்கமானது புள்ளி ஆந்தை. ஏறக்குறைய மைனா அளவே உள்ள இப்பறவை, புளிய மரப் பொந்திலோ பழைய சுவரின் ஓட்டையிலோ இணையாகவோ சிறு குடும்பமாகவோ பகலைக் கழித்துவிட்டு, வெளிச்சம் முழுதும் போகுமுன்பே வாயிலுக்கு வந்து உட்காரும். ஆள் நெருங்கினால் உடனே பறக்காமல், மஞ்சள் விழிகளை அகல விரித்து, தலையைத் தாழ்த்தி உயர்த்தி, பக்கவாட்டில் அசைத்து, உடம்பு முழுதையும் குனிந்து நிமிரச் செய்து பார்க்கும். விழிகள் குழியில் அசையாதவை ஆகையால் தொலைவை அளக்க அதற்குத் தலையை ஆட்டுவதைத் தவிர வேறு வழியில்லை. பிறகு எல்லாம் சேர்ந்து ‘சிர்ர்... சிர்ர்... சிவ்வக், சிவ்வக்’ என்று சண்டையிடுவது போல ஒரே கூச்சலாக எழுப்பும். அதன் உறவான சின்ன ஆந்தை காட்டோரங்களில் வாழ்வது. அதன் குரல் மெதுவாகத் தொடங்கிப் படிப்படியாக விரைந்தும் உரத்தும் சென்று திடீரென அடங்கும், பகலிலும் கேட்கும். சிறு காதுகள் நிமிர்ந்த காது ஆந்தை, எவரையோ வினவுவது போல ‘உவட்?’ என்ற ஒற்றை ஒலியைச் சில நொடிகளுக்கு ஒரு முறை, நிறுத்தாமல் பல நிமிடங்கள் சொல்லிக்கொண்டேயிருக்கும். வேட்டைக்கார ஆந்தையின் குரல் ‘ஊ...உக், ஊ...உக்’ என இனிமையாகத் தொடர்ந்து, ஆறு முதல் இருபது முறை வரை அடுக்கி வரும். உருவிலும் பறத்தலிலும் வல்லூறு போலிருக்கும் அதைக் கண்ணால் மட்டும் கண்டவர் ஆந்தை என்றே எண்ணமாட்டார். ஆற்றங்கரையிலும் ஏரிக்கரையிலும் நிற்கும் பெருமரங்களில் தங்கும் மீன் ஆந்தைக்குப் பூமன் ஆந்தை என்ற பெயரே அதன் ‘பூம்... பூம்’ என்ற அடிவயிற்று ஒலியிலிருந்து வந்தது. ஏனைய ஆந்தைகளின் சிறகு விளிம்பில் உள்ள மென்தூவல் இதற்கு இல்லாததால் பறக்கும்போது இறக்கை ஒலி கேட்கும். நீரில் இருக்கும் மீனுக்கு அவ்வொலி எட்டாதாகையால் இதற்கு அமைதி தேவைப்படவில்லை. இறகு மூடாத கால்களும், வழுக்கும் மீனைப் பற்றுவதற்கேற்ற சொரசொரப்பான பாதமும் அதன் தொழிலைக் காட்டும்.

இத்தனை குரல்களும் ஆந்தை அலறல் என்ற ஒற்றைத் தொடரில் கரைந்துபோனது சகுன நம்பிக்கையின் விளைவு என்று கருத இடமிருக்கிறது. புள் என்னும் சொல்லையே நிமித்தத்துக்கும் பயன்படுத்திய சமூகத்தில் பறவைக் குரலுக்குப் பலன் பார்ப்பது புதிதன்று. ஆனால் பிற்கால ஆந்தைப் பலன் குரலின் தன்மையை விட்டு அதன் எண்ணிக்கையைப் பற்றிக்கொண்டது. சென்னை அருங்காட்சியகத்தின் கண்காணிப்பாளராக இருந்த எட்கர் தர்ஸ்டன், தென்னிந்தியச் சகுனங்களையும் மூடநம்பிக்கைகளையும் பற்றி 1912இல் வெளியிட்ட நூலில் அக்கணக்கைப் பதிவுசெய்திருக்கிறார்: ஒருமுறை ஒலித்தால் சாவு, இருமுறை என்றால் எடுத்த செயல் கைகூடும், மூன்றானால் திருமணத்தால் வீட்டுக்கு ஒரு பெண் வருவாள், நான்கு கலகம், ஐந்து பயணம், ஆறு விருந்தினர் வருகை, ஏழு மனத்துயர், எட்டு திடீர்ச் சாவு, ஒன்பது நற்பலன். வாய்மொழிச் செய்யுளாகவும் இது தமிழில் வழங்கிவந்தது. இக்கணக்கைப் பறவைகளோடு வைத்துப் பார்த்தால் ஓர் உண்மை தெளிவாகும். புள்ளி ஆந்தையின் கூச்சலை எண்ண முடியாது. வெண்கூகையின் கிறீச்சிடலுக்கு எண்ணிக்கை இல்லை. வேட்டைக்கார ஆந்தை ஒன்பதைத் தாண்டி நெடுநேரம் செல்லும். விட்டுவிட்டு ஒற்றை ஒலி எழுப்பும் காது ஆந்தையைக் கேட்பவருக்கு ஒன்று என்ற சாவுப் பலனும், இரட்டை ஒலி எழுப்பும் கொம்பன் ஆந்தையைக் கேட்பவருக்கு இரண்டு என்ற நற்பலனும் அடிக்கடி வாய்க்கும். அதாவது பலன் என்று எண்ணப்பட்டதில் ஒரு பகுதி, எந்த ஆந்தை அந்த ஊரில் வாழ்ந்தது என்பதைப் பொறுத்ததே. சாக்குருவி, சாவுக்குருவி என்ற பெயர்கள் எந்த ஓர் இனத்துக்கும் உரியனவாக இல்லாமல், ஓரூரில் வெண்கூகையையும் வேறோர் ஊரில் புள்ளி ஆந்தையையும் குறிப்பதும் இதனால்தான். அண்டை மொழிகளில் வேறுபாடு அவ்வளவாக அழியவில்லை. மலையாளத்தில் பேராந்தைகளுக்குக் கூமன், சிற்றாந்தைகளுக்கு நத்து, வெண்கூகைக்கு வெள்ளிமூங்ஙா என்ற பகுப்பு பேச்சிலேயே நிற்கிறது. தமிழில் ஊமைக்கோட்டான் என்ற சொல் பேசாமல் விழிக்கும் மனிதரைக் குறிக்கும் வசையாக மட்டும் எஞ்சியது.

ஐரோப்பியர் இப்பறவைகளுக்கு அறிவியற் பெயரிட்ட முறை வேறொரு வகையில் செவியைப் புறக்கணித்தது. 1752 முதல் 1757 வரை இலங்கையின் டச்சு ஆளுநராக இருந்த யோன் கிடியன் லோட்டன் வரைவித்த பறவை ஓவியங்களைக் கொண்டு, தாமஸ் பென்னண்ட் 1769இல் காது ஆந்தைக்குப் பெயரிட்டார். ஆந்தையைக் குறிக்கும் பகமூணா என்ற சிங்களச் சொல்லே ஓட்டஸ் பக்கமோய்னா என்ற அதன் அறிவியற் பெயரில் இன்றும் இருக்கிறது. புள்ளி ஆந்தைக்கு டெம்மின்க் 1821இலும், பொறி மர ஆந்தைக்கு லெஸ்ஸன் 1839இலும் பெயரிட்டபோது, அவ்விரண்டின் மூல மாதிரிகளும் புதுச்சேரியிலிருந்து பிரான்சுக்குச் சென்றவை. மூல மாதிரி என்பது ஓர் இனத்துக்குப் பெயரிடும்போது அடிப்படையாக வைக்கப்படும் பதப்படுத்திய உடல். அதில் இறகின் நிறமும் அலகின் அளவும் இருக்கும், குரல் இருக்காது. புதுச்சேரித் தோப்புகளில் அந்தியில் நடுங்கிக் கேட்டிருக்கக்கூடிய குரல், பாரிசின் இழுப்பறைக்குள் ஊமையாகப் போய்ச் சேர்ந்தது. நிறத்தில் பழுப்பும் சாம்பலுமாக ஒன்றையொன்று ஒத்து, ஒரே இனத்திலேயே செந்நிறமும் சாம்பல் நிறமுமாக மாறியும் வரும் சிறு காது ஆந்தைகளை உடலை மட்டும் வைத்துப் பிரிக்க முயன்ற அருங்காட்சியக அறிஞர்கள் நூறாண்டுக்கு மேல் தடுமாறினர்.

இலங்கையில் உலமா என்றும், ஆங்கிலேயரால் பேய்ப்பறவை என்றும் அழைக்கப்பட்ட இரவுக் குரலின் வரலாறு இத்தடுமாற்றத்தை நன்றாகக் காட்டும். கண்டி அரசில் சிறைப்பட்டிருந்த ராபர்ட் நாக்ஸ் 1681இல் வெளியிட்ட நூலிலேயே, காட்டில் இரவில் எழும் பேயின் குரலைத் தாமே பலமுறை கேட்டதாக எழுதினார். குழந்தையைக் கொன்று கறியாக்கிய கணவனிடமிருந்து பித்துப்பிடித்துக் காட்டுக்கு ஓடிய தாயின் ஓலம் அது என்பது சிங்கள ஊர்களின் கதை. 1861இல் எமர்சன் டென்னண்ட் தம் இலங்கை இயற்கை வரலாற்று நூலில், குருநாகலில் பணியாற்றிய மிட்ஃபோர்ட் என்னும் அதிகாரியின் சாட்சியத்தைச் சேர்த்தார். கழுத்து நெரிபடும் சிறுவனின் கதறலைப் போன்ற அக்குரல் ஆந்தையுடையதன்று, இராக்குருவியைச் சேர்ந்த ஏதோ ஒன்றுடையது என்பது அவர் கருத்து. பின்வந்தோர் பல பறவைகளைச் சுட்டினர். ஜி. எம். ஹென்றி 1955இல் வெளியிட்ட இலங்கைப் பறவைகள் நூலுக்குப் பின், வயிற்றில் புள்ளியிட்ட காட்டுப் பேராந்தையே உலமா என்ற கருத்து மேலோங்கியது. குரலைக் கேட்ட ஊரார் பறவையைக் காணாமலும், பறவையைச் சுட்ட வேட்டைக்காரர் குரலைக் கேளாமலும் இருந்ததால் ஒரு பெயருக்குரிய உடலைக் கண்டுபிடிக்க மூன்று நூற்றாண்டு தேவைப்பட்டது.

ஒலிப்பதிவுக் கருவி கைக்கு எட்டியபின் நிலைமை மாறியது. குயிலைப் போல அன்றிப் பாடும் பறவைகள் பலவும் தம் பாட்டைக் கேட்டுக் கற்பவை; ஆந்தைகள் அவ்வாறு கற்பதில்லை, அவற்றின் குரல் பிறவியிலேயே அமைவது. ஆகவே இறகின் நிறத்தை விடக் குரல் இனத்துக்கு நம்பகமான அடையாளம் ஆகிறது. ஜோ மார்ஷல் 1978இல் வெளியிட்ட, ஆசியாவின் சிறிய இரவுப் பறவைகளைக் குரலின் அடிப்படையில் வகைப்படுத்தும் ஆய்வு, காது ஆந்தைகளின் பகுப்பை இந்த அடித்தளத்தின்மேல் மாற்றி எழுதியது. அதன் மிக அழகிய விளைவு இலங்கையிலேயே நிகழ்ந்தது. 1995இல் கித்துல்கலை மழைக்காட்டில், பறவைக் குரல்களைப் பதிவுசெய்வதில் தேர்ந்த தீபால் வரகாகொட, தாம் அறிந்த எந்தப் பறவைக்கும் பொருந்தாத, ‘பு...ஊ’ என்ற மென்மையான நடுங்கும் சிறு ஒலி ஒன்றைக் கேட்டார். ஆறு ஆண்டுகள் அது வெறும் குரலாகவே இருந்தது. 2001 சனவரி 23 அன்று சிங்கராஜக் காட்டில் அக்குரலுக்குரிய பறவை விளக்கொளியில் கண்ணுக்குப் பட்டது: செம்பழுப்பு உடலும் சிறு கரும்புள்ளிகளும் கொண்டு, ஏனைய காது ஆந்தைகளுக்குள்ள இறகுக் காது தலையில் தெரியாத சிற்றாந்தை. 2004இல் வரகாகொடவும் பமீலா ராஸ்முசனும் அதைப் புதிய இனமாக விவரித்து, இலங்கைக் காடுகளைக் காக்கப் பாடுபட்ட திலோ ஹாஃப்மனின் பெயரை அதற்கு இட்டனர். 1868க்குப் பின் அத்தீவில் கண்டறியப்பட்ட முதல் புதிய பறவை இனம் அது.

தமிழ்நாட்டில் குரலுக்குச் செவிகொடுக்கும் பழக்கம் ஆய்வாளரிடம் மட்டும் எஞ்சியிருக்கவில்லை. நெல் வயலில் எலி வளை பெருகும் பருவத்தில், தென்னை மட்டையைத் தலைகீழாக நட்டோ, கழியின் உச்சியில் குறுக்குக் குச்சி கட்டியோ ஆந்தை வந்தமர இடம் அமைத்துக் கொடுப்பது உழவர் பலர் அறிந்த முறை. மறுநாள் காலையில் அக்கழியின் அடியில் விரல் பருமனில் சாம்பல் நிற உருண்டைகள் கிடக்கும். செரிக்காத மயிரையும் எலும்பையும் ஆந்தை இறுக்கிக் கக்கியவை அவை. ஒன்றை நீரில் ஊறவைத்துப் பிரித்தால் எலியின் மஞ்சள் முன்பற்களோடு கூடிய தாடை முழுதாகக் கிடைக்கும். இரவில் மடை பார்க்கச் செல்பவர் நெருங்கும்போது அம்மட்டையின் நுனியிலிருந்து கிறீச்சிடும் ஒலி கேட்டால் வந்திருப்பது வெண்கூகை. ‘சிர்ர்’ என்ற கூச்சல் எழுந்தால் புள்ளி ஆந்தை.